சிறுபான்மையினருக்குச் சுயநிர்ணய உரிமை சர்வதேசச் சட்டத்தில் உண்டா, இல்லையா?

நீங்கள் சட்டம் படிக்கிறவராக இருக்க வேண்டும். இல்லையென்றால் நண்பர்களோடு வாக்குவாதம் முற்றி, "உண்டு" என்றோ "இல்லை" என்றோ காட்ட ஒற்றை வரி தேடி வந்திருப்பீர்கள். அப்படி ஒற்றை வரியை நம்பி நான் ஒரு தவறு செய்தேன். அதனால்தான் எழுதுகிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன், நிலம் பறிபோன ஒரு சிறு சமூகத்துக்காக ஐ.நா. மனித உரிமைக் குழுவுக்கு மனு தயாரிக்கும் இடத்தில் மொழிபெயர்ப்பாளனாகச் சேர்ந்தேன். எந்தச் சமூகம் என்று சொல்ல மாட்டேன், அவர்களுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறேன். ஆள் பற்றாக்குறையால் முதல் வரைவும் என் தலையில் விழுந்தது. அந்தக் குழு கண்காணிக்கிற, குடிமை, அரசியல் உரிமைகளுக்கான 1966 உடன்படிக்கையைத் திறந்தால் முதல் சரத்தே எல்லா மக்களுக்கும் சுயநிர்ணய உரிமை உண்டு என்கிறது. இதற்கு மேல் என்ன வேண்டும்? மனுவின் முதல் பத்தியிலேயே அதை வைத்தேன்.

மூத்த வழக்கறிஞர் ஒரே கோடாக அடித்துவிட்டார். "இதை எடுத்துடு தம்பி. இதை நம்பிப் போனா மனுவை விசாரணைக்கே எடுக்க மாட்டாங்க."

உரிமையை இவர் விற்கிறார் என்றே அன்று நினைத்தேன். இரண்டு நாள் அவரோடு பேசவில்லை. பிறகு அவர் மேசையில் வைத்துவிட்டுப் போன லுபிகான் ஏரி வழக்கை வாசித்தேன். கனடாவின் அல்பர்ட்டாவில் எண்ணெய், எரிவாயு எடுக்க வந்தவர்களால் வேட்டை நிலத்தை இழந்த பூர்வகுடிகள், 1984-ல் இதே முதல் சரத்தைச் சொல்லித்தான் இதே குழுவிடம் போனார்கள். 1990-ல் முடிவு வந்தது. விருப்ப நெறிமுறை (குழுவிடம் நேரடியாக முறையிட வழி தரும், உடன்படிக்கையோடு இணைந்த தனி ஒப்பந்தம்; நாடுகள் விரும்பினால் சேரலாம்) தனிநபர் முறையீட்டுக்கானது, ஒரு மக்களினத்தின் சுயநிர்ணய உரிமை மீறப்பட்டது என்று தனிநபர் அதன் வழியாகக் கேட்க முடியாது என்றது குழு. ஆனால் அவர்களை வெறுங்கையோடு அனுப்பவில்லை. அவர்களுடைய வாழ்க்கை முறையும் பண்பாடும் அழியும் நிலைக்கு வந்திருப்பதால் 27-ஆம் சரத்து மீறப்பட்டது என்று தீர்ப்புச் சொன்னது. (நிலம் பற்றிய உடன்பாடு 2018-ல்தான் வந்தது. குழுவின் முடிவு வந்ததும் எல்லாம் சரியாகிவிடும் என்று யாரும் உங்களிடம் சொன்னால் நம்பாதீர்கள்.)

27-ஆம் சரத்து, சிறுபான்மையைச் சேர்ந்த ஆட்களுக்கு, தம் குழுவினரோடு சேர்ந்து பண்பாட்டையும் சமயத்தையும் மொழியையும் பேணும் உரிமையைத் தருகிறது. உரிமைக்காரர் ஆள். முதல் சரத்திலோ உரிமைக்காரர் மக்களினம். தமிழில் வாசிக்கிறவர்களுக்கு இது பிடிபடாமல் போக ஒரு காரணம் உண்டு. மூலத்தில் இருப்பது 'பீப்பிள்ஸ்', அதாவது பல மக்களினங்கள். நாம் 'மக்கள்' என்றே எழுதிவிடுகிறோம். அது ஜனங்களையும் குறிக்கும், ஒரு இனத்தையும் குறிக்கும். வேறுபாடு அந்த ஒரு சொல்லுக்குள் மறைந்துவிடுகிறது.

அந்தச் சமூகத்தின் பெரியவர்களுக்கு மனுவை வாசித்துக் காட்டும் பொறுப்பும் என்னுடையது. ஏன் முதல் சரத்து இல்லை என்று விளக்கியபோது ஒருவர் கேட்டார்: "அப்போ, ஆளாளாப் போனா கேப்பாங்க, ஊராப் போனா கேக்க மாட்டாங்களா? நாங்க ஒரு இனம் இல்லையா?" என்னிடம் பதில் இல்லை. ஊர் திரும்பும்வரை அந்தக் கேள்விதான் கூடவே வந்தது.

பதில் பிறகு கிடைத்தது. நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரிகளின் மீன்பிடி உரிமை வழக்கு, இதே குழுவில் 2000-ல் முடிவானது. மனுதாரர்கள் வெல்லவில்லை. ஆனால் 27-ஆம் சரத்துக்குப் பொருள் காணும்போது முதல் சரத்தையும் கருத்தில் கொள்ளலாம் என்று குழு அதில் சொன்னது. வழக்கறிஞரிடம் காட்டினேன். ஒரு பத்தி திரும்ப உள்ளே வந்தது, தலையில் அல்ல, இருக்க வேண்டிய இடத்தில். பெரியவருக்குத் தொலைபேசியில் அதை வாசித்துக் காட்டினேன்.

"உரிமையை நீர்த்துப்போகச் செய்கிறாய்" என்று கீழே எழுதப்போகிறவர்களுக்கு: குழுவிடம் முறையிட முடியாது என்பதால் உரிமையே இல்லை என்று நான் சொல்லவில்லை. அரசுகள் தரும் அறிக்கைகளைப் பரிசீலிக்கும்போது முதல் சரத்தைப் பற்றிக் குழு கேள்வி கேட்கிறது. 1979-ல் உடன்படிக்கையில் சேர்ந்த இந்தியா, இந்த உரிமை அந்நிய ஆதிக்கத்தில் இருப்பவர்களுக்கு மட்டுமே என்று அறிவித்தபோது பிரான்ஸ், மேற்கு ஜெர்மனி, நெதர்லாந்து மூன்றும் ஆட்சேபித்தன. சர்ச்சை இன்னும் முடியவில்லை.

தனிநாடு என்பது வேறு படி. கியூபெக் மாகாணம் கனடாவிலிருந்து பிரியலாமா என்ற கேள்வியில் 1998-ல் கனடா உச்ச நீதிமன்றம், சுயநிர்ணயம் பெரும்பாலும் அரசுக்கு உள்ளேயே நிறைவேற வேண்டியது என்றது. குடியேற்ற ஆட்சியும் அந்நிய ஆதிக்கமும் விலக்கு. உள்ளே எல்லா வழியும் அடைக்கப்பட்டால் பிரியலாமா என்பதை முடிவு செய்யாமல் விட்டது. செர்பியாவிலிருந்து பிரிந்த கொசோவோ பற்றி 2010-ல் சர்வதேச நீதிமன்றமும், சுதந்திரப் பிரகடனம் சட்டத்தை மீறவில்லை என்று மட்டும் சொல்லி, பிரியும் உரிமை பற்றிய கேள்விக்குள் போகவில்லை. இந்த இரண்டையும் "நமக்குச் சாதகம்" என்று இரு தரப்பும் மேற்கோள் காட்டுகின்றன. முழுதாக வாசித்துவிட்டு வாதிடுங்கள்.

நான் வழக்கறிஞர் அல்ல. ஆனால் நீங்கள் மனுப் போடும் எண்ணத்தில் கேட்டிருந்தால், முதலில் அந்த அரசு விருப்ப நெறிமுறையில் சேர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். இந்தியா சேரவில்லை. இலங்கை 1997-ல் சேர்ந்தது, ஆனால் அந்தச் சேர்க்கை அரசியலமைப்புக்கு முரண் என்று அதன் உச்ச நீதிமன்றமே 2006-ல் சொல்லிவிட்டது. சேர்ந்த நாடாக இருந்தாலும் உள்நாட்டு நீதிமன்றங்களில் முயன்று பார்த்ததற்கான தாள்கள் கையில் இருக்க வேண்டும். நாங்கள் ஒரு வருடம் செலவழித்தது அந்தத் தாள்களைச் சேர்க்கத்தான்.