தொலேதோவுக்கு ஒரு நாள்: உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

மாட்ரிட்டில் பன்னிரண்டு வருடமாக இருக்கிறேன். ஊரிலிருந்து யார் வந்தாலும் பக்கத்துப் பழைய ஊரான தொலேதோவுக்கு அழைத்துப் போவது என் பொறுப்பாகிவிட்டது. வழிகாட்டியோடு ஒரு நாள் போய்வருவதைப் பற்றி என்ன வேண்டுமானாலும் கேளுங்கள் என்று சொல்லியிருந்தேன். வந்த வரிசையிலேயே பதில் சொல்கிறேன். ஆங்கிலத்தில் டொலிடோ என்பார்கள். அந்த ஊர்க்காரர்கள் தொலேதோ என்கிறார்கள், நானும் அப்படியே எழுதுகிறேன்.

சேலம்: மாட்ரிட்டில் நான்கு நாள் இருப்போம். அரை நாள் டூர் போதுமா அக்கா? வழிகாட்டி அவசியமா?

அரை நாள் போதாது. மாட்ரிட்டிலிருந்து 70 கிலோமீட்டர்தான், ஆனால் பஸ்ஸில் போக ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும், திரும்பவும் அதே அளவு. ஊருக்குள் போகும் முன் ஆற்றுக்கு எதிர்க்கரையில் மிராதோர் தெல் வாயே என்ற இடத்தில் படம் எடுக்க நிறுத்துவார்கள். அது அவசியம் பார்க்க வேண்டிய காட்சி: தாஹோ ஆறு மூன்று பக்கமும் வளைத்துக்கொண்டு ஓட, நடுவில் குன்றின் மேல் மொத்த ஊரும் தெரியும். அதற்கப்புறம் ஒரு கடையில் நிறுத்துவார்கள். மிச்சம் ஒன்றரை மணி நேரம்கூட இருக்காது.

நான் முதல்முறை போனது அப்படித்தான். கடையில் நாற்பது நிமிடம், கதீட்ரலை வாசலோடு பார்த்துவிட்டுக் கிளம்பினோம். 1226-இல் தொடங்கி 1493-இல் முடித்த கட்டடத்தின் கதவை மட்டும் பார்த்துவிட்டு வந்தேன் என்று நினைத்து அன்று இரவு அழுகையே வந்துவிட்டது.

ஆகவே பணம் கட்டுவதற்கு முன் நான்கு விஷயம் கேளுங்கள். கதீட்ரலுக்கு உள்ளே அழைத்துப் போவார்களா? நுழைவுச்சீட்டு கட்டணத்தில் சேர்ந்ததா? கடையில் நிறுத்துவார்களா, எவ்வளவு நேரம்? மாலை எத்தனை மணிக்குக் கிளம்புவார்கள்? மழுப்பினால் அந்த டூரை விட்டுவிடுங்கள்.

வழிகாட்டி வேண்டும் என்பதுதான் என் கருத்து. இந்த ஊரில் சுவருக்குள் சுவர், மசூதிக்குள் தேவாலயம் என்று அடுக்கடுக்காக இருக்கிறது. சொல்ல ஆள் இல்லாவிட்டால் எல்லாமே பழைய செங்கல்லாகத் தெரியும். எனக்குப் பிடித்த வழி, நீங்களே மாட்ரிட்டின் ஆதோச்சா நிலையத்திலிருந்து அதிவேக ரயிலில் போவது. சுமார் 33 நிமிடம்தான். ஊரின் சொகோதோவேர் சதுக்கத்தில் உள்ளூர் வழிகாட்டியோடு இரண்டு மணி நேர நடையில் சேர்ந்துகொள்ளுங்கள். அப்புறம் நாள் முழுக்க உங்களுடையது. ஐந்து மணிக்கு மேல் டூர் பஸ்கள் கிளம்பிவிடும். சந்துகளில் உங்கள் காலடிச் சத்தம் உங்களுக்கே கேட்கும். அந்த நேரத்துக்காகவாவது இருந்துவிட்டு வாருங்கள்.

சென்னை: தொலேதோ, செகோவியா இரண்டையும் ஒரே நாளில் காட்டும் டூர் இருக்கிறதே?

வேண்டாம். தொலேதோ மாட்ரிட்டுக்குத் தெற்கே, செகோவியா வடமேற்கே. ஒரே நாளில் 300 கிலோமீட்டருக்கு மேல் பஸ்ஸில் உட்கார்ந்திருப்பீர்கள்.

திருச்சி: அம்மாவுக்கு 68 வயது, முழங்கால் வலி. குன்றின் மேல் ஊர் என்கிறீர்களே, ஏற முடியுமா?

தாராளமாக அழைத்து வாருங்கள், ஆனால் திசை முக்கியம். ரயில் நிலையம் ஆற்றுக்கு அந்தப் பக்கம், கீழே இருக்கிறது. அங்கிருந்து நடக்காதீர்கள், டாக்சியோ நகரப் பஸ்ஸோ பிடித்து நேரே சொகோதோவேருக்கு மேலே போய்விடுங்கள். அங்கிருந்து கதீட்ரல், சாந்தோ தோமே தேவாலயம், யூதர் வீதி, கடைசியாக சான் ஹுவான் தே லோஸ் ரெயெஸ் மடம் என்று போனால் பெரும்பாலும் இறக்கம். முடிந்த இடத்தில் டாக்சி பிடித்துத் திரும்பிவிடலாம். எதிர்த்திசையில் நடந்தால் அம்மா பாதியிலேயே உட்கார்ந்துவிடுவார்.

மதில் ஓரம் பசேயோ தே ரெக்காரேதோவில் மலைச்சரிவுக்குள் வெட்டி அமைத்த நகரும் படிக்கட்டும் இருக்கிறது. தரை எங்கும் உருண்டைக் கல் பாவியது. செருப்பு வேண்டாம், பிடிமானமுள்ள ஷூ போடச் சொல்லுங்கள். ஜூலை, ஆகஸ்ட் வெயில் நம் வேலூர் வெயில் மாதிரி. அம்மாவோடு என்றால் ஏப்ரல், மே, அக்டோபர் பாருங்கள்.

மதுரை: சுத்த சைவம். பட்டினிதானா?

பட்டினி இல்லை, ஆனால் எச்சரிக்கையாக இருக்க வேண்டும். இங்கே 'கார்னே' என்றால் இறைச்சி, ஆனால் உப்பில் பதப்படுத்திய பன்றித்தொடையான ஹமோனை அவர்கள் அந்தக் கணக்கில் சேர்ப்பதில்லை. 'நோ கோமோ கார்னே, நி ஹமோன், நி பெஸ்காதோ' (இறைச்சி, ஹமோன், மீன் சாப்பிடமாட்டேன்) என்று மூன்றையும் சொல்லுங்கள். 'பிஸ்தோ மஞ்சேகோ' கேளுங்கள்: கத்திரிக்காயோ சுரைபோன்ற காயோ, குடைமிளகாய், தக்காளி எல்லாம் ஆலிவ் எண்ணெயில் வதங்கியது, நம் நாக்குக்கு ஒத்துவரும். மேலே பொரித்த முட்டை வைப்பார்கள், வேண்டாமென்றால் முன்பே சொல்லிவிடுங்கள். சாலட்டில் சூரை மீன் வரும், பூண்டு சூப்பில் ஹமோன் வரும். இந்த ஊரின் பெயர்பெற்ற 'கார்காமூசாஸ்' பன்றிக்கறி.

டொரன்டோ: கடையில் தங்க வேலைப்பாட்டுத் தட்டு, வாள் எல்லாம் காட்டினார்கள். வாங்கலாமா?

அந்த வேலை உயர்ந்தது. அவசரமாகத் தள்ளிவிடும் கடைதான் பிரச்சினை. தமாஸ்கினாதோ என்பார்கள். எஃகின் மேல் கூர்மையான கத்தியால் மயிரிழைக் கோடுகளைக் குறுக்கும் நெடுக்குமாகக் கீறி, அந்தச் சொரசொரப்பில் தங்க இழையை வைத்துச் சின்னச் சுத்தியலால் தட்டித் தட்டிப் பதிப்பார்கள். பிறகு எஃகை இரசாயனக் கரைசலில் கருக்குவார்கள். தங்கம் கறுக்காது, கறுப்பில் மின்னும். சந்துக்குள் ஒரு சின்னப் பட்டறையில் பெரியவர் ஒருவர் இதைச் செய்வதைப் பார்த்தேன். கட்டைவிரல் நகத்தளவு இலை ஒன்றுக்கு அவர் தட்டிய தட்டுகளை எண்ணத் தொடங்கி, நாற்பதுக்கு மேல் விட்டுவிட்டேன். கையால் செய்ததில் இழைகள் லேசாக மேடு பள்ளமாக இருக்கும், விரலால் தடவினாலே தெரியும். வழவழவென்று அச்சடித்ததுபோல் இருந்தால் இயந்திர வேலை. வாள்களில் பெரும்பாலானவை அலங்காரத்துக்கு. விமானத்தில் கைப்பையில் கொண்டுவர முடியாது.

கோவை: திங்கட்கிழமை போகலாமா?

தவிருங்கள். எல் த்ரான்சிதோ யூத ஜெபக்கூடம், ஓவியர் எல் கிரேக்கோவின் அருங்காட்சியகம் இரண்டும் திங்களன்று மூடியிருக்கும். ஞாயிறு காலை கதீட்ரலில் வழிபாடு. பார்வையாளர்களை மதியத்துக்கு மேல்தான் விடுவார்கள். செவ்வாய் முதல் வெள்ளி வரை நல்லது.

தஞ்சாவூர்: 'மூன்று பண்பாடுகளின் நகரம், கிறிஸ்தவர், முஸ்லிம், யூதர் ஒற்றுமையாக வாழ்ந்தார்கள்' என்று எங்கள் வழிகாட்டி திரும்பத் திரும்பச் சொன்னார். உண்மையா?

இதற்காகத்தான் காத்திருந்தேன். உண்மை இருக்கிறது, முழு உண்மை இல்லை.

711 வாக்கில் முஸ்லிம்கள் பிடித்த ஊரை 1085-இல் ஆறாம் அல்போன்சோ மன்னர் எடுத்துக்கொண்டார். அரபு நூல்கள் ஊரோடு கைக்கு வந்தன. 12-ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவின் பல மூலைகளிலிருந்தும் படிப்பாளிகள் இங்கே வந்து அவற்றை லத்தீனாக்கினார்கள். கிரெமோனாவின் ஜெரார்டு இத்தாலியிலிருந்து பழங்கால வானியலாளர் தாலமியின் வானியல் நூல் ஒன்றைத் தேடி வந்தவர். தங்கிவிட்டார், எழுபதுக்கும் மேற்பட்ட நூல்களை மொழிபெயர்த்தார். இருவர் சேர்ந்து செய்ததும் உண்டு. பாரசீகத் தத்துவ, மருத்துவ அறிஞர் இப்னு சீனாவின் நூலை மொழிபெயர்த்தபோது யூத அறிஞர் அவென்தாவுத் அரபைச் சொல் சொல்லாக அந்த ஊர்ப் பேச்சுமொழியில் சொல்ல, பாதிரியார் குந்திசால்வோ அதைக் கேட்டு லத்தீனில் எழுதினார். ஒரே மேசையில் இரண்டு மதம், மூன்று மொழி. இது நடந்தது.

இன்னொரு பக்கமும் நடந்தது. 1391-இல் யூதர்கள் தாக்கப்பட்டார்கள். 1449-இல் யூத வம்சாவளியினர் மதம் மாறியிருந்தாலும் நகரப் பதவி வகிக்கக்கூடாது என்று இந்த ஊரிலேயே சட்டம் போட்டார்கள். 1492-இல் யூதர்களை நாட்டைவிட்டே அனுப்பினார்கள்.

யாழ்ப்பாணம்: தஞ்சாவூர்க்காரருக்குச் சொன்ன பதிலில் பூசி மெழுகுகிறீர்கள். வென்றவன் தோற்றவனின் நூலை எடுத்துக்கொண்டதை ஒற்றுமை என்பதா?

நீங்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது, ஒற்றுமை என்ற சொல்லை நானும் ஏற்கவில்லை. ஆனால் எல் த்ரான்சிதோவுக்குள் ஐந்து நிமிடம் நின்று பாருங்கள். பேத்ரோ மன்னரின் பொருளாளர் சாமுவேல் ஹா-லேவி 1350-களில் கட்டிய யூத ஜெபக்கூடம். சுவரில் சுண்ணச் சாந்தில் செதுக்கிய எபிரேயச் சங்கீதங்கள், கொடிகளுக்கிடையே அரபு எழுத்துகள், அவற்றோடு கிறிஸ்தவ மன்னரின் கோட்டையும் சிங்கமும் பொறித்த சின்னம். மூன்றும் ஒரே சுவரில். கட்டியவரை அதே மன்னர் சில வருடங்களில் சிறையிலிட்டுச் சித்திரவதை செய்ய, அவர் செத்துப்போனார். அந்தச் சுவரைப் பார்த்தபின் ஒற்றுமை என்றும் சொல்ல வராது, பகை என்றும் சொல்ல வராது.

ஈரோடு: செகோவியாவையும் சேர்த்து...

சென்னைக்காரருக்குச் சொன்னதைப் படியுங்கள்.

சிங்கப்பூர்: நீங்கள் இருட்டான பக்கத்தையே அதிகம் சொல்கிறீர்கள் என்று எனக்குப் படுகிறது. மன்னிப்பும் மரியாதையும் இருந்ததே?

இருந்தது. கதீட்ரல் இருக்கும் இடத்தில் முன்பு பெரிய மசூதி. அதை முஸ்லிம்களிடமே விடுவதாக அல்போன்சோ வாக்குக் கொடுத்தார், அவர் ஊரில் இல்லாதபோது ராணியும் பேராயரும் பிடித்துக்கொண்டார்கள், கோபத்தோடு திரும்பிய மன்னரிடம் முஸ்லிம் மார்க்க அறிஞர் ஒருவரே மன்னிக்கச் சொல்லிக் கேட்டார் என்பது ஊர்க் கதை. அந்த அறிஞரின் சிலை கதீட்ரலின் தலைமைப் பீடத்தருகே தூணில் நிற்கிறது. வழிகாட்டியிடம் 'எல் அல்ஃபாகி எங்கே?' என்று கேளுங்கள். ஆனால் மசூதி போனது போனதுதானே. மன்னிக்கச் சொல்லி வந்தவர் இழந்தவர் பக்கத்து ஆள் என்பதை மறக்காதீர்கள்.

பெங்களூரு: இந்தியாவுக்கும் இந்த ஊருக்கும் தொடர்பு உண்டா, இல்லை சும்மா நாமே இழுத்துவிட்டுக்கொள்கிறோமா?

உண்டு, இழுக்கவே வேண்டாம். அல்போன்சோ வருவதற்கு முன், 1068-இல், தொலேதோவில் காழியாக, அதாவது இஸ்லாமிய நீதிபதியாக, இருந்த ஸாயித் அல்-அந்தலூசி உலகில் அறிவியலை வளர்த்த மக்களினங்களைப் பற்றி நூல் எழுதினார். எட்டு இனங்களில் முதலில் வைத்தது இந்தியரை. நம் எண்முறையையும் சதுரங்கத்தையும் பாராட்டி எழுதினார். மாட்ரிட் என்பது அப்போது சின்னக் கோட்டை ஊர்.

பள்ளிக் கணக்கில் படித்த 'சைன்' நினைவிருக்கிறதா? வில்லின் நாணைக் குறிக்கும் 'ஜ்யா', 'ஜீவா' என்ற சமஸ்கிருதச் சொல்லை அரபியர் ஒலியோடு 'ஜிப' என்று எழுதினார்கள். உயிரெழுத்து எழுதாத வழக்கத்தால் அதை 'ஜய்ப்', அதாவது சட்டை மடிப்பு, என்று படித்துவிட்டார்கள். 12-ஆம் நூற்றாண்டு மொழிபெயர்ப்பாளர்கள் மடிப்புக்கு லத்தீனில் உள்ள 'சைனஸ்' என்ற சொல்லைப் போட்டார்கள். நாண் மடிப்பாகி, நம் பாடப்புத்தகத்துக்கே திரும்பி வந்தது.

யாழ்ப்பாணம், மறுபடியும்: அப்படியானால் பழியும் பெருமையும் சரிக்குச் சரி என்கிறீர்களா?

இல்லை. துரத்தப்பட்டவர்களுக்கு நூல்கள் ஈடாகாது. நான் கேட்பது, வழிகாட்டி இரண்டையும் சொல்ல வேண்டும் என்பதுதான். 'மூன்று பண்பாடு' என்று சொல்லிவிட்டு 1492-ஐ விழுங்குபவரிடம் நீங்களே கையைத் தூக்கிக் கேளுங்கள்.

திருநெல்வேலி: விசாவுக்கு என்ன காகிதம் வேண்டும்?

ஸ்பெயின் தூதரகத்தின் அதிகாரப்பூர்வத் தளத்தைப் பாருங்கள்.

புதுச்சேரி: எல் கிரேக்கோவின் இடிமேகத்தோடு கூடிய தொலேதோ ஓவியம் எங்கே இருக்கிறது?

நியூயார்க்கில், மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தில். அதைத் தேடி வந்து ஏமாந்தவர்கள் பலர். இங்கே சாந்தோ தோமேயில் 'ஓர்காஸ் பிரபுவின் அடக்கம்' இருக்கிறது. 1586 முதல் 1588 வரை வரைந்தார், கிட்டத்தட்ட ஐந்து மீட்டர் உயரம். அதன் பின்னே வழக்கு ஒன்று உண்டு. 1323-இல் இறந்த அந்தப் பிரபு, தன் ஊரார் ஆண்டுதோறும் இந்தத் தேவாலயத்துக்கு இரண்டு ஆட்டுக்கிடா, பதினாறு கோழி, இரண்டு தோல்பை திராட்சை மது, இரண்டு சுமை விறகு, 800 மராவெதி காசு தர வேண்டும் என்று எழுதிவைத்தார். இருநூற்றைம்பது வருடம் ஆவதற்குள் ஊரார் நிறுத்திவிட்டார்கள். பங்குத்தந்தை வழக்குப் போட்டு 1569-இல் வென்றார். அந்த வெற்றிக்குப் பின்தான் இந்த ஓவியம். இடது பக்கம் தீப்பந்தத்தோடு நிற்கும் பையன் ஓவியரின் மகன்.

நாகர்கோவில்: திங்கட்கிழமை...

மூடியிருக்கும்.

கரூர்: பல இடங்களுக்கும் சேர்த்துக் கையில் கட்டும் கைவளையச் சீட்டு ஒன்று விற்கிறார்களாமே, கதீட்ரலும் அதில் வருமா?

வராது. எல் த்ரான்சிதோவும் வராது. சாந்தோ தோமே, சாந்தா மரியா லா பிளாங்கா, சான் ஹுவான் தே லோஸ் ரெயெஸ், கிறிஸ்தோ தே லா லூஸ் உட்பட ஏழு இடங்கள் வரும். கிறிஸ்தோ தே லா லூஸை விட்டுவிடாதீர்கள். 999-இல் கட்டிய சின்ன மசூதி, ஒரு வீட்டுக் கூடம் அளவுதான். ஒன்பது சிறு கூரை வளைவுகள், ஒன்றுபோல் இன்னொன்று இல்லை. டூர் கூட்டங்கள் பல அந்தப் பக்கமே வருவதில்லை.

சிவகாசி: வீட்டுக்கு என்ன இனிப்பு வாங்கிப் போகலாம்?

மசபான். பாதாமும் சர்க்கரையும் அரைத்துப் பிசைந்து, பிறையாகவும் பழமாகவும் பிடித்துச் சுட்டது. பளபளப்புக்கு மேலே முட்டை தடவுவார்கள், சைவர்கள் கவனிக்கவும். கடைகளில் கிடைக்கும், ஆனால் கன்னியர் மடத்தில் வாங்கிப் பாருங்கள். நான் போன மடத்தில் மரக்கதவுக்குப் பக்கத்தில் சுழலும் மரப்பெட்டி ஒன்று சுவரில் பதித்திருந்தது. மணியை அடித்தேன். உள்ளிருந்து வயதான குரல் 'ஆவே மரியா' என்றது. அரைக் கிலோ என்றேன். காசைப் பெட்டியில் வைத்ததும் அது கிறீச்சென்று சுழன்று உள்ளே போனது. திரும்பி வந்தபோது வெள்ளைக் காகிதத்தில் சுற்றிய பொட்டலம், மேலே மிச்சச் சில்லறை. கொடுத்த கையைப் பார்க்கவில்லை. பொட்டலம் இன்னும் இளஞ்சூடாக இருந்தது.