மெட்டோப்ரோலால் சக்சினேட் என்றால் என்ன? அட்டையின் பின்பக்கப் பெயர் நமக்கு எதற்கு?

மாத்திரை அட்டையில் பெரிய எழுத்தில் ஒரு பெயர், அதற்குக் கீழேயோ பின்பக்கமோ பொடி எழுத்தில் ‘மெட்டோப்ரோலால் சக்சினேட் எக்ஸ்டெண்டட் ரிலீஸ்’ என்று இன்னொரு பெயர். இந்த இரண்டாவது பெயருக்கு என்ன அர்த்தம், பெரிய எழுத்துப் பெயர் மட்டும் தெரிந்தால் போதாதா என்று கேட்டிருக்கிறீர்கள். வீட்டில் அம்மாவுக்கோ அப்பாவுக்கோ புதிதாக எழுதிக் கொடுத்திருக்கிறார்கள், மாத்திரை எடுத்துக் கொடுக்கும் பொறுப்பு உங்களுடையது என்று எடுத்துக்கொண்டு எழுதுகிறேன்.

போதாது. கண்டிப்பாகப் போதாது.

நான் மருத்துவரும் இல்லை, மருந்தாளுநரும் இல்லை. அம்மாவின் மாத்திரைகளைப் பல வருடமாகப் பார்த்துக்கொள்ளும் மகள், அவ்வளவுதான். “படிக்காதவர்கள் மருந்தைப் பற்றி எழுதக் கூடாது” என்று கீழே வந்து சொல்வார்கள் என்று தெரியும். மருந்தை மாற்றுங்கள், நிறுத்துங்கள் என்று இந்தப் பதிலில் எங்கேயும் சொல்லப் போவதில்லை. அட்டையில் அச்சடித்திருப்பதைப் படியுங்கள் என்றுதான் சொல்கிறேன். அதை அச்சடித்திருப்பதே நாம் படிப்பதற்காகத்தான்.

சரி, பெயருக்கு வருவோம். பெரிய எழுத்தில் இருப்பது கம்பெனி வைத்த பெயர். ஒரே மருந்தைப் பத்துக் கம்பெனி செய்தால் பத்துப் பெயர் இருக்கும். மெட்டோப்ரோலால் என்பது உள்ளே இருக்கும் மருந்தின் பெயர். அதை எந்தக் கம்பெனியும் தன்னுடையது என்று உரிமை கொண்டாட முடியாது. இப்படி ஒவ்வொரு மருந்துக்கும் உலகம் முழுவதற்கும் பொதுவாக ஒரு பெயர் வைக்கும் வேலையை உலக சுகாதார நிறுவனம் செய்கிறது. முதல் பட்டியல் 1953இல் வந்தது. அந்தப் பெயர்களின் வாலைப் பார்த்தாலே பெரும்பாலும் குடும்பம் தெரிந்துவிடும். ‘ஓலால்’ என்று முடிந்தால் பீட்டா பிளாக்கர்: மெட்டோப்ரோலால், அட்டினோலால், பிசோப்ரோலால், ப்ராப்ரனோலால் எல்லாம் ஒரே குடும்பம். ‘சார்டன்’ என்று முடிகிற லோசார்டன், டெல்மிசார்டன், ‘டிபின்’ என்று முடிகிற ஆம்லோடிபின், ‘ப்ரில்’ என்று முடிகிற எனாலப்ரில் ஆகியவையும் பிரஷருக்குத் தருபவைதான், ஆனால் ஒவ்வொரு குடும்பமும் உடம்பில் வேறு வேறு இடத்தில் வேலை செய்கிறது. வாலை மட்டும் வைத்து முடிவு கட்டிவிடவும் கூடாது. அட்டோர்வாஸ்டாட்டின் கொழுப்புக்கான மருந்து, நிஸ்டாட்டின் பூஞ்சைத் தொற்றுக்கான மருந்து. வால் ஒன்று போலத் தெரிந்தாலும் இரண்டுக்கும் சம்பந்தமே இல்லை.

பீட்டா பிளாக்கர் என்ன செய்கிறது என்றால், பதற்றத்தில் உடம்பில் சுரக்கிற அட்ரினலின் என்ற ஹார்மோன் போய் இதயத்தில் ஒட்டிக்கொள்ளும் இடங்களை மறித்துக்கொள்கிறது. அதனால் துடிப்பு நிதானமாகிறது, பிரஷர் இறங்குகிறது, இதயத்துக்கு வேலைப்பளு குறைகிறது. இந்த வகை மருந்தைக் கண்டுபிடித்த ஜேம்ஸ் பிளாக்குக்கு 1988இல் நோபல் பரிசு கிடைத்தது. மெட்டோப்ரோலால் ஒரே மருந்துதான், ஆனால் பிரஷருக்கும் எழுதுவார்கள், நெஞ்சுவலிக்கும் எழுதுவார்கள், இதயத் துடிப்புக் கோளாறுக்கும் எழுதுவார்கள், இதயம் பலவீனமானவர்களுக்கும் எழுதுவார்கள். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், என் கதையே இதில்தான் இருக்கிறது.

அடுத்தது சக்சினேட். மருந்து மூலக்கூறை அப்படியே மாத்திரையாக்காமல் ஓர் அமிலத்தோடு சேர்த்து உப்பாக்கித் தருவார்கள். சக்சினிக் அமிலத்தோடு சேர்த்தால் சக்சினேட், டார்டாரிக் அமிலத்தோடு சேர்த்தால் டார்ட்ரேட். ஆம்லோடிபினுக்குப் பக்கத்தில் ‘பெசிலேட்’ என்று பார்த்திருப்பீர்கள், அதுவும் இதே சங்கதிதான். ‘உப்பு’ என்றதும் பிரஷர்காரர்கள் பயப்பட வேண்டாம், சமையல் உப்புக்கும் இதற்கும் தொடர்பில்லை.

மெட்டோப்ரோலால் விஷயத்தில் இந்த உப்பின் பெயர் ரொம்ப முக்கியம். டார்ட்ரேட் பொதுவாக உடனே கரையும் மாத்திரையாக வரும், வழக்கமாக ஒரு நாளில் இரண்டு வேளையோ அதற்கு மேலோ எடுப்பார்கள். சக்சினேட் மெதுவாகக் கரைந்து நாள் முழுக்க வேலை செய்கிற மாத்திரையாக வரும், ஒரு வேளை போதும். அட்டையில் இருக்கும் எக்ஸ்டெண்டட் ரிலீஸ் என்பதற்கு அதுதான் அர்த்தம். இதயம் பலவீனமானவர்களுக்குப் பலன் தருகிறது என்று 1999இல் வெளியான பெரிய ஆய்வில் தெரியவந்ததும் இந்த சக்சினேட் வடிவத்துக்குத்தான். அதனால் “ரெண்டும் மெட்டோப்ரோலால்தானே, எது இருக்கோ அதைக் கொடுங்க” என்று கடையில் சொல்லிவிடாதீர்கள்.

இப்போது உங்கள் அட்டையைக் கையில் எடுத்துப் பாருங்கள். பல அட்டைகளில் ‘மெட்டோப்ரோலால் சக்சினேட் 47.5 மி.கி., மெட்டோப்ரோலால் டார்ட்ரேட் 50 மி.கி.க்குச் சமம்’ என்று இருக்கும். இதைப் படித்துவிட்டு இரண்டு மருந்தும் உள்ளே கலந்திருக்கிறது, மொத்தம் 97.5 என்று கூட்டுபவர்களைப் பார்த்திருக்கிறேன். உள்ளே இருப்பது சக்சினேட் மட்டும்தான். இரண்டு உப்புக்கும் எடை வேறு. 47.5 மி.கி. சக்சினேட்டில் எவ்வளவு மெட்டோப்ரோலால் இருக்கிறதோ அதே அளவு 50 மி.கி. டார்ட்ரேட்டில் இருக்கிறது என்று கணக்குச் சொல்லியிருக்கிறார்கள். சீட்டில் மருத்துவர் 50 என்று எழுதி, அட்டையில் 47.5 என்று இருந்தாலும் பெரும்பாலும் இதுதான் காரணம். மனம் கேட்கவில்லை என்றால் மருந்தாளுநரிடம் காட்டி உறுதி செய்துகொள்ளுங்கள்.

மெதுவாகக் கரையும் மாத்திரையை மென்று தின்னக் கூடாது, பொடித்துக் கொடுக்கவும் கூடாது. முதலில் வந்த சக்சினேட் மாத்திரையின் உள்ளே ரொம்பச் சின்னச் சின்ன உருண்டைகள், ஒவ்வொன்றுக்கும் தனித்தனிப் பூச்சு. அந்தப் பூச்சுதான் மருந்தைக் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே விடுகிறது. பொடித்தால் பூச்சு போய், நாள் முழுவதற்குமான மருந்து மொத்தமாக இரத்தத்தில் இறங்கிவிடும். விழுங்கச் சிரமப்படுகிற வயதானவர்களுக்குப் பாசத்தில் பொடித்து நீரில் கலந்து கொடுக்கிறவர்கள் தயவுசெய்து இதைக் கவனியுங்கள். நடுவில் கோடு போட்ட மாத்திரையைக் கோட்டில் உடைக்கலாமா என்பதை உங்கள் பிராண்டைக் காட்டிக் கேட்டுக்கொள்ளுங்கள்.

இவ்வளவும் எனக்கு எப்படித் தெரியும் என்றால், தெரிந்துகொள்ள வேண்டிய நிலைமை வந்தது. அம்மாவுக்கு ரொம்ப நாளாக பிரஷர். குடும்ப மருத்துவர் எழுதிக் கொடுத்த ‘பிரஷர் மாத்திரை’ காலையில் ஒன்று. ஒரு முறை நெஞ்சை அடைக்கிற மாதிரி இருக்கிறது என்று ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். நல்லபடியாகப் பார்த்தார்கள், அதில் குறை இல்லை. வீட்டுக்கு அனுப்பும்போது புது மாத்திரைப் பட்டியல் கொடுத்தார்கள். அதில் ஒன்றைக் காட்டி நர்ஸ் “இது இதயத்துக்கு” என்றார். பழைய மாத்திரையைப் பற்றி யாரும் பேசவில்லை. பட்டியலில் பிராண்ட் பெயர்கள் மட்டும்தான் இருந்தன. அம்மா எதையும் ஒழுங்காகச் செய்கிறவர். அது பிரஷருக்கு, இது இதயத்துக்கு என்று இரண்டையும் தவறாமல் போட்டுக்கொண்டார். சொல்லப்போனால் அவர் செய்ததுதான் நியாயம், நிறுத்து என்று யாரும் சொல்லாத மருந்தை அவர் ஏன் நிறுத்த வேண்டும்?

சில நாளில் எழுந்து நின்றால் தலை சுற்றுகிறது என்றார். கை கால் ஓய்ந்து போகிறது என்றார். ஆஸ்பத்திரியில் இருந்து வந்த அசதி என்று வீட்டில் எல்லோரும் சொன்னார்கள். எனக்கு அந்த முகம் சரியாகப் படவில்லை. பிரஷர் கருவியை மாட்டிப் பார்த்தேன். அதில் மேலே இரண்டு எண் பிரஷர், கீழே ஒரு எண் நாடித்துடிப்பு. பொதுவாக அந்தக் கீழ் எண் 60க்கு மேல் இருக்கும். அம்மாவுக்கு நாற்பதுகளில் இருந்தது. மாத்திரை டப்பாவைக் கொட்டி எல்லா அட்டையையும் குப்புறப் போட்டேன். பழைய அட்டை பச்சை, புது அட்டை வெள்ளி, பெயரில் ஓர் எழுத்துகூடப் பொருந்தவில்லை. பின்பக்கம் இரண்டிலும் பொடி எழுத்தில் மெட்டோப்ரோலால் சக்சினேட்.

உடனே மருத்துவருக்குப் போன் செய்து இரண்டு அட்டையையும் படித்துக் காட்டினேன். பழையதை அன்றோடு விடச் சொல்லி, உடனே கூட்டி வரச் சொன்னார். ஈசிஜி எடுத்துப் பார்த்தார்கள். அம்மா தேறிவிட்டார், இப்போது நன்றாக இருக்கிறார். அன்றைக்கு அந்தப் பொடி எழுத்தைப் படித்ததை இன்றைக்கும் பெருமையாகத்தான் நினைக்கிறேன்.

“இது எங்கேயோ நடக்கிற அபூர்வம்” என்று சிலர் சொல்லலாம். இல்லைங்க. காய்ச்சலுக்கு ஒரு மாத்திரை, சளிக்கு ஒரு மாத்திரை என்று போட்டுக்கொள்கிறோம், இரண்டிலும் பாரசிட்டமால் இருக்கும். பெரியவர்களுக்கு ஒரு நாளைக்கு 4 கிராமுக்கு மேல் போனால் கல்லீரலுக்கு ஆபத்து. ஒரு பிராண்டை இன்னொன்றாகப் படித்துவிடுவதும் உண்டு. வயிற்று அமிலத்துக்கான ஒமெப்ரஸோல் அமெரிக்காவில் முதலில் லோசெக் என்ற பெயரில் வந்தது. நீர் பிரிய வைக்கிற லேசிக்ஸோடு குழம்புகிறது என்று 1990இல் அந்தப் பெயரையே ப்ரைலோசெக் என்று மாற்றினார்கள். மருத்துவத் துறையில் இருப்பவர்களுக்கே குழம்பும்போது நாம் எம்மாத்திரம்?

“மருத்துவர் மேல் நம்பிக்கை இல்லையா?” என்று இன்னொரு கூட்டம் வரும். நம்பிக்கை இருப்பதால்தான் அவருக்குப் போன் செய்தேன். நானாக எதையும் நிறுத்தவில்லை. இந்த மருந்தைப் பொறுத்தவரை நீங்களும் திடீரென்று நிறுத்தவே கூடாது. திடீரென நிறுத்தினால் நெஞ்சுவலி அதிகமாகலாம், மாரடைப்புகூட வரலாம். குறைப்பதென்றாலும் மருத்துவர் சொல்லும் வேகத்தில் படிப்படியாகத்தான். ஆஸ்துமா இருந்தால் மருத்துவரிடம் மறக்காமல் சொல்லுங்கள். சர்க்கரை இருந்தாலும் சொல்லுங்கள். சர்க்கரை தாழும்போது வருகிற படபடப்பை இந்த மாத்திரை மறைத்துவிடும், அதனால் வியர்வையைத்தான் கவனிக்க வேண்டியிருக்கும்.

கேள்விக்குச் சம்பந்தமில்லை, ஆனாலும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அன்றைக்கு இவ்வளவும் நடந்த பிறகு அண்ணன் போனில் கேட்ட முதல் கேள்வி, “நீ பக்கத்துலதானே இருக்க, கவனிக்க மாட்டியா?” வீடியோ காலில் அஞ்சு நிமிஷம் நலம் விசாரிக்கிறவர்களுக்கு, பக்கத்தில் இருப்பது என்றால் என்னவென்று தெரியாது. மாத்திரை தீரும் முன்பே வாங்கி வைப்பது, ரிப்போர்ட்டுகளைத் தேதி வாரியாக அடுக்குவது, ராத்திரி இருமல் சத்தம் கேட்டு எழுந்திருப்பது, இதெல்லாம் யார் கண்ணிலும் படுவதில்லை. தப்பு நடந்தால் மட்டும் பக்கத்தில் இருப்பவர் ஞாபகத்துக்கு வருகிறார். நீங்களும் அப்படி ஓர் ஆளாக இருந்தால், உங்கள் மேல் எனக்கு நிறைய மரியாதை உண்டு.

நீங்கள் செய்ய வேண்டியது இதுதான். ஒரு தாளில் பிராண்ட் பெயருக்குப் பக்கத்தில் பொடி எழுத்துப் பெயரை உப்பு, மி.கி., ரிலீஸ் வகையோடு எழுதி வையுங்கள். எந்த மருத்துவரிடம் போனாலும் அதைக் கொடுங்கள். புதுச் சீட்டு கையில் வந்ததும், “ஏற்கெனவே போடுகிற மாத்திரைகளில் எதை நிறுத்த வேண்டும்?” என்று வாய்விட்டுக் கேளுங்கள். அப்புறம், அட்டையைக் கத்தரிக்கும்போது பெயரும் காலாவதித் தேதியும் இருக்கிற ஓரத்தைக் கடைசியாக வெட்டுங்கள்.