இறால் வெண்டைக்காய்க் குழம்பு: கொழகொழப்பு இல்லாமல், இறால் ரப்பர் ஆகாமல்

கேள்வி: தக்கலைக்குப் பக்கத்தில் இருக்கிறோம், வீட்டில் நான்கு பேர். குளச்சலில் இருந்து நல்ல இறால் வருகிறது. முருங்கைக்காயோ மாங்காயோ போட்டு வைத்தால் குழம்பு நன்றாகவே இருக்கிறது. வெண்டைக்காய் போட்டால் மட்டும் கொழகொழவென்று நூல் இழுக்கிறது, இறாலும் ரப்பர் மாதிரி ஆகிவிடுகிறது. ‘ரெண்டையும் சேர்த்து வைக்கவே கூடாது’ என்கிறார் மாமியார். பிள்ளைகளுக்கு இரண்டுமே பிடிக்கும். தினசரி சமையலுக்கு ஏற்ற எளிய முறை உண்டா?

பதில்: தாராளமாகச் சேர்த்து வைக்கலாம். உடம்புக்கு ஒரு கெடுதலும் இல்லை. உங்கள் மாமியார் சொல்வது பெரும்பாலும் இந்தக் கொழகொழப்பைப் பார்த்துப் பழகியதால் வந்த பேச்சாக இருக்கும். அதில் ஒரு நியாயமும் இருக்கிறது, ஏனென்றால் மற்றக் காய்களைப் போடுகிற மாதிரியே வெண்டைக்காயையும் போட்டால் இந்தக் குழம்பு கெடத்தான் செய்யும்.

நீங்கள் சொல்லும் இரண்டு குறைக்கும் காரணம் ஒன்றுதான் என்று நினைக்கிறேன். வெண்டைக்காயைப் பச்சையாகக் குழம்பில் போட்டிருப்பீர்கள். நூல் இழுப்பதைப் பார்த்ததும், அது போகட்டும் என்று இன்னும் பத்து நிமிடம் கொதிக்க விட்டிருப்பீர்கள். அந்தப் பத்து நிமிடமும் இறால் சட்டிக்குள்ளேதான் கிடக்கிறது. வெண்டைக்காயைச் சரிசெய்யப் போய் இறால் கெட்டுவிடுகிறது. அதனால் வெண்டைக்காயின் வேலையைக் குழம்புக்கு வெளியே முடித்துக்கொள்ளுங்கள், இறாலைக் கடைசியில் போடுங்கள். மீதியெல்லாம் நீங்கள் வழக்கமாக வைக்கிற தேங்காய் அரைத்த குழம்புதான்.

முதலில் வெண்டைக்காய். அதன் சதையிலும் விதையைச் சுற்றியும் தண்ணீரை இழுத்து உப்புகிற ஒரு பசை இருக்கிறது. தண்ணீர் படாதவரை அது அடங்கிக் கிடக்கும். பட்டதும் கரைந்து நூலாக வரும். வெண்டைக்காயை முழுசாகக் கழுவித் துணியால் ஒற்றி, ஈரம் போக உலரவிட்ட பிறகே நறுக்க வேண்டும் என்று பெரியவர்கள் சொல்வது இதனால்தான். நறுக்கிவிட்டுக் கழுவினால் பாதிக் கொழகொழப்பு அங்கேயே தொடங்கிவிடும். பொரியலுக்கு நறுக்குகிற மாதிரி சின்னச் சின்ன வட்டமாகவும் வேண்டாம். எத்தனை வெட்டு வாய் இருக்கிறதோ அத்தனை வழியாகப் பசை வெளியே வரும். இரண்டு விரற்கடை நீளத் துண்டுகள் போதும். காய் சிறியதாக இருந்தால் காம்பை மட்டும் சீவிவிட்டு அப்படியே முழுசாகப் போடலாம், எனக்கு அதுதான் பிடிக்கும். நுனியை ஒடித்தால் பட்டென்று ஒடிகிற இளங்காயாக வாங்குங்கள். முற்றின காய் வதக்கினாலும் நாராகத்தான் நிற்கும்.

அகலமான வாணலியில் இரண்டு தேக்கரண்டி தேங்காய் எண்ணெய் விட்டு, நன்றாகச் சூடானதும் துண்டுகளைப் போடுங்கள். மூடி போட வேண்டாம், உப்பும் வேண்டாம். மூடினால் ஆவி தண்ணீராகச் சொட்டும், உப்பு போட்டால் காயே தண்ணீர் விடும். இரண்டும் பசையை இளக்கிவிடும். அடிக்கடி கிளறாமல், எப்போதாவது புரட்டிவிட்டு, ஏழெட்டு நிமிடம் வதக்குங்கள். முதலில் நூல் இழுப்பது தெரியும், அப்புறம் அது தானாக வற்றும். ஓரங்களில் லேசாகப் பழுப்பு ஏறியதும் இறக்கித் தனியே வையுங்கள். இந்த ஏழெட்டு நிமிடத்தை மட்டும் அவசரப்படுத்தாதீர்கள்.

மிச்சம் இருக்கிற கொஞ்சநஞ்சப் பசையைப் புளி பார்த்துக்கொள்ளும். புளிப்பு பட்டால் அந்தப் பசை இளகி நீர்த்துப்போகிறது. புளிக்கு இன்னொரு குணமும் உண்டு. காய்கறி புளித்தண்ணீரில் சீக்கிரம் குழையாது. பச்சை வெண்டைக்காயை நேராகப் புளிக்குழம்பில் போட்டால் வேகவே நேரம் பிடிப்பது அதனால். வதக்கிப் போட்டால் அதே குணம் நமக்குச் சாதகம், ஏற்கெனவே முக்கால் பங்கு வெந்த துண்டு கரையாமல் முழுசாக நிற்கும்.

அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில் கம்போ என்று ஒரு குழம்பு வைக்கிறார்கள். அதிலும் இறாலும் வெண்டைக்காயும் சேரும். மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து போன சமையல் வழக்கம் அதில் கலந்திருக்கிறது. அங்கே இந்தக் கொழகொழப்பை விரும்பியே வைத்துக்கொள்கிறார்கள், குழம்புக்குக் கெட்டி கொடுப்பதில் அதற்கும் பங்கு உண்டு. நமக்கு அந்தத் தேவை இல்லை. நம் ஊர்க் குழம்புக்குத் தேங்காய் அரைப்பே கெட்டி கொடுத்துவிடும். அதன்மேல் வெண்டைக்காய்ப் பசையும் சேர்ந்தால் நாக்கில் கனமாக ஒட்டும், இறாலின் இனிப்பும் தெரியாது.

இனி இறால். ஓட்டோடு அரைக் கிலோ வாங்கினால், தலையும் ஓடும் போக முக்கால் பங்கு கூடத் தேறாது. பெரும்பாலும் 250 முதல் 300 கிராம்தான் நிற்கும். நான்கு பேருக்கு, கால் கிலோ வெண்டைக்காயோடு சேர்ந்து, அது போதும். ஓடு பளபளவென்று உடம்போடு ஒட்டி இருக்க வேண்டும், தலை தொட்டவுடன் கழன்று வரக் கூடாது, மூக்கில் குத்துகிற நெடி வரக் கூடாது. ஓட்டின் ஓரத்திலும் தலையிலும் கறுப்பு படர்ந்திருந்தால் பிடித்து நேரமாகிவிட்டது என்று அர்த்தம். உடனே சமைக்க முடியாவிட்டால் தலையை மட்டுமாவது கிள்ளிவிட்டு ஐஸில் வையுங்கள். தலைக்குள் இருக்கும் செரிமானச் சாறுதான் சதையை முதலில் கொழகொழக்க வைக்கிறது.

ஒன்றைக் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். நம் குமரி மாவட்டத்தில், சின்னமுட்டம் இருக்கிற கிழக்குக் கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையும், குளச்சல், முட்டம், தேங்காய்ப்பட்டினம் இருக்கிற மேற்குக் கரையில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரையும் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். அந்த மாதங்களில் வள்ளக்காரர்கள் (நாட்டுப்படகுக்காரர்கள்) கொண்டுவருவதுதான் புது இறால், வரத்து குறையும், விலை ஏறும். சந்தையில் அப்போது ஐஸில் வைத்ததும் பண்ணை இறாலும் கூடுதலாக வரலாம், பார்த்து வாங்குங்கள். பண்ணை இறால் இந்தக் குழம்புக்கு ஆகாது என்று சொல்ல மாட்டேன். கடல் இறாலின் மணம் கொஞ்சம் குறையும், அவ்வளவுதான்.

சுத்தம் செய்யும்போது முதுகைக் கீறி அந்தக் கறுப்பு நரம்பை எடுத்துவிடுங்கள். அது குடல், மண் நறநறக்கும். மஞ்சள்பொடியும் உப்பும் போட்டுப் பிசறி ஒருமுறை அலசினால் போதும். எலுமிச்சைச் சாறு ஊற்றி ஊறவைக்கிறவர்கள் உண்டு, எனக்கு அதில் சம்மதம் இல்லை. புளிப்பு பட்ட இறால் அடுப்பில் ஏறும் முன்பே இறுகத் தொடங்கிவிடும்.

தலையையும் ஓட்டையும் குப்பையில் போடாதீர்கள். இந்தக் குழம்பின் ருசியில் பாதி அங்கேதான் இருக்கிறது. நன்றாக அலசி, ஒரு தேக்கரண்டி எண்ணெயில் சிவக்கப் பிரட்டி, மூன்று தம்ளர் தண்ணீர் ஊற்றிப் பத்துப் பன்னிரண்டு நிமிடம் கொதிக்கவிட்டு வடிகட்டுங்கள். இறால் சட்டிக்குள் கிடப்பது மூன்றே நிமிடம் என்பதால் அதன் சாறு குழம்பில் இறங்க நேரம் இருக்காது. அந்தக் குறையை இந்த ஓட்டுத் தண்ணீர் தீர்த்துவிடும். தலை கறுத்திருந்தால் மட்டும் இதைச் செய்யாதீர்கள்.

அரைப்புக்கு ஒரு சிறிய தேங்காயில் ஒரு முறி (பாதி), ஒன்றரைத் தேக்கரண்டி மிளகாய்ப்பொடி, இரண்டு மேசைக்கரண்டி மல்லிப்பொடி, அரைத் தேக்கரண்டி மஞ்சள்பொடி, நாலைந்து சின்ன உள்ளி (சின்ன வெங்காயம்). மிக்ஸியில் கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீர் விட்டு நைசாக அரையுங்கள். திப்பி நின்றால் குழம்பு தனியாகவும் தண்ணீர் தனியாகவும் பிரிந்து நிற்கும். புளி நெல்லிக்காய் அளவு, வடிகட்டின ஓட்டுத் தண்ணீர் ஆறியதும் அதிலேயே ஊறவைத்துக் கரைத்துக்கொள்ளுங்கள். மீன் குழம்புக்கு விடும் அளவுப் புளி இதற்கு வேண்டாம், இறாலுக்கு இயல்பாகவே ஒரு இனிப்பு உண்டு, அதை அமுக்கிவிடும். குடம்புளி வழக்கமான வீடாக இருந்தால் இரண்டு இதழ் போதும், புளிப்பு இறங்கியதும் எடுத்துவிடலாம். மாங்காய்க் காலத்தில் புளியைப் பாதியாகக் குறைத்து நான்கு கீற்று மாங்காய் போட்டால் இன்னும் நன்றாக இருக்கும்.

மண்சட்டியில் புளிக்கரைசலையும் அரைப்பையும் கலந்து, இரண்டு பச்சை மிளகாய் கீறிப் போட்டு, உப்பு, கறிவேப்பிலை சேர்த்து அடுப்பில் ஏற்றுங்கள். மாங்காய் உண்டானால் அதுவும் இப்போதே. நடுத்தரத் தீயில் பத்து நிமிடம், பச்சை வாடை போய் மேலே எண்ணெய் மினுங்கும்வரை கொதிக்கட்டும். உப்பு, புளி, காரம் எல்லாவற்றையும் இந்த இடத்திலேயே சுவைத்துச் சரிசெய்துவிடுங்கள். இறால் விழுந்தபிறகு திருத்த நேரம் இருக்காது. பிறகு வதக்கிய வெண்டைக்காயைப் போட்டு மூன்று நான்கு நிமிடம். அகப்பையால் கிளறாமல் சட்டியைத் துணியால் பிடித்துச் சுழற்றிவிடுங்கள், துண்டு உடைந்தால் உள்ளே இருக்கிற பசை வெளியே வரும்.

கடைசியாக இறால். குழம்பு கொதித்துக்கொண்டிருக்கும்போது போட்டுத் தீயைக் குறையுங்கள். நடுத்தர அளவு இறாலுக்கு மூன்று நிமிடம், பொடி இறாலுக்கு இரண்டே போதும். கடிகாரத்தைவிட இறாலையே பார்ப்பது நல்லது. கண்ணாடி மாதிரி இருந்த சதை வெளுத்து, மேலே இளஞ்சிவப்பு ஓடும். அந்தச் சிவப்பு நிறமி முதலிலிருந்தே இறாலில் இருப்பதுதான். ஒரு புரதத்தோடு பிணைந்து மறைந்திருக்கும், சூடு அந்தப் பிணைப்பை அவிழ்த்துவிடுகிறது. உடம்பு பாதி வளைந்து நின்றால் வெந்துவிட்டது. தலைப்பக்கமும் வாலும் முட்டுகிற அளவுக்குச் சுருண்டுவிட்டால் சதை தண்ணீரையெல்லாம் கக்கிவிட்டது, அதுதான் நீங்கள் சொல்லும் ரப்பர். அப்புறம் எவ்வளவு வேகவைத்தாலும் மெதுவாகாது. மண்சட்டி அடுப்பை அணைத்தபிறகும் வெகுநேரம் கொதித்துக்கொண்டிருக்கும், ஆகவே ‘இன்னும் ஒரு நிமிடம் இருக்கட்டும்’ என்று தோன்றும்போதே அணைத்துவிடுங்கள். அலுமினியமோ எவர்சில்வரோ என்றால் முழுசாக வெந்ததும் அணைக்கலாம். குக்கர் மட்டும் வேண்டவே வேண்டாம்.

தேங்காய் எண்ணெயில் கடுகு, கொஞ்சம் வெந்தயம், நறுக்கிய சின்ன உள்ளி, கறிவேப்பிலை தாளித்துக் கொட்டிப் பத்து நிமிடம் மூடி வைத்துவிட்டுப் பரிமாறுங்கள். சோறு மட்டுமல்ல, அவித்த மரச்சீனிக்கிழங்கோடும் (மரவள்ளிக்கிழங்கு) இது பொருந்தும். தீயல் பிடிக்கிற வீடு என்றால் இதே அளவுத் தேங்காயைக் கருஞ்சிவப்பாக வறுத்து அரைத்துப் பாருங்கள். வெண்டைக்காய்க்கு அது இன்னும் எடுப்பாக இருக்கும். ஆனால் வறுக்கவே இருபது நிமிடம் போய்விடும் என்பதால் தினசரிக்கு நான் சொல்லவில்லை.

பிள்ளைகள் என்று எழுதியிருக்கிறீர்கள், அதனால் இதையும் சொல்லிவிடுகிறேன். இறால் சாப்பிட்டதும் யாருக்காவது உதடு வீங்குவது, உடம்பு தடிப்பது, மூச்சு முட்டுவது இருந்தால் ‘கொஞ்சமாகச் சாப்பிட்டால் ஒன்றும் செய்யாது’ என்று கொடுக்க வேண்டாம். ஒவ்வாமைக்குக் காரணமான புரதம் சமைப்பதால் அழிவதில்லை. ஓட்டுத் தண்ணீரிலும் அது இருக்கும், ஆகவே இறாலை ஒதுக்கிவிட்டுக் குழம்பை மட்டும் ஊற்றுவதும் பாதுகாப்பல்ல. மூச்சு முட்டினால் உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும்.

மீன் குழம்பு மறுநாள்தான் ருசி என்பது நம் பக்கத்தில் எல்லோரும் சொல்வது. இறாலுக்கு அது பொருந்தாது, ஒவ்வொரு முறை சூடாக்கும்போதும் அது இன்னும் இறுகும். மிஞ்சும் என்று தெரிந்தால் வெண்டைக்காய் வரைக்கும் மொத்தமாகக் குழம்பு வைத்து, ராத்திரிக்கு வேண்டிய குழம்பைத் தனியே எடுத்து ஆறவிட்டு, இரண்டு மணி நேரத்துக்குள் பிரிட்ஜில் வையுங்கள். சுத்தம் செய்த இறாலில் பாதியையும் அதேபோல் தனியே பிரிட்ஜில் வைத்திருங்கள். ராத்திரி குழம்பைக் கொதிக்கவைத்து அந்த இறாலைப் போட்டால் அதே மூன்று நிமிடம்தான்.