கேள்வி – பதில்: தூக்குமேடையில் பிறந்த சிரிப்பு

கேள்வி: விடுமுறைக்கு எங்கள் வளவு வீட்டில் எல்லோரும் கூடியிருந்தபோது, பிள்ளைகளுக்கு ஹாலிவுட் நகைச்சுவை இரட்டையரான லாரல்–ஹார்டியின் பழைய பேசும் குறும்படங்களைப் போட்டுக் காட்டினோம். கொலை, தூக்கு என்று வரவும், "சாவில் என்ன சிரிப்பு வேண்டிக்கிடக்கிறது?" என்று அப்பத்தா எழுந்து போய்விட்டார்கள். இப்படியெல்லாம் ஏன் எடுத்தார்கள்?
— ஒரு வாசகர், தேவகோட்டை

பதில்: அப்பத்தாவின் கோபம் நியாயமானதே. ஆனால் அப்படங்கள் கேலி செய்வது இறந்தவரை அல்ல, அவருடைய சொத்துக்காக முட்டிமோதும் உயிருள்ளவர்களைத்தான் என்பது என் எண்ணம். பங்காளிகள் நிறைந்த நம் பக்கத்தில் இதை விளக்க வேண்டியதில்லை. 1930-இல் ஹால் ரோச் தயாரித்த 'தி லாரல்–ஹார்டி மர்டர் கேஸ்' படத்தில், எபனேசர் லாரல் என்ற செல்வந்தர் இறந்த செய்தியை நாளிதழில் படிக்கும் ஹார்டி, உனக்குச் சித்தப்பா உண்டா, உயிரோடு இருக்கிறாரா என்று லாரலை ஆவலோடு விசாரிக்கிறார். காலடியில் இருந்த கதவு திறந்துகொண்டதில் விழுந்து கழுத்து முறிந்து போனார் என்கிறார் லாரல். வீடு கட்டிக்கொண்டிருந்தாரா என்று ஹார்டி கேட்க, இல்லை, அவரைத் தூக்கில் போட்டார்கள் என்று பதில் வருகிறது. மௌனப் படத்தில் இதைத் திரையில் எழுத்தாகக் காட்டியிருந்தால் யாரும் சிரித்திருக்க மாட்டார்கள். துக்கத்தின் சாயலே இல்லாத அந்தக் குரல்தான் சிரிக்க வைக்கிறது. டப்பிங் வேரூன்றாத அக்காலத்தில், இருவரும் ஸ்பானிய, பிரெஞ்சு, ஜெர்மன் வசனங்களை ஒலியாக மனப்பாடம் செய்து, இதே படத்தை அம்மொழிகளிலும் நடித்துக் கொடுத்தார்கள்.

1934-இல் வந்த 'ஆலிவர் தி எய்த்' படத்தில், ஆலிவர் என்ற பெயருள்ளவர்களையெல்லாம் தீர்த்துக்கட்டும் ஒரு விதவையின் வீட்டில், கிறுக்குப் பிடித்த பணியாள் வெறும் பாத்திரங்களைக் கொண்டு விருந்து பரிமாறுகிறான். (செட்டிநாட்டில் வெறும் இலைக்கு முன் விருந்தாளியை உட்காரவைப்பது கொலையைவிடப் பெரிய குற்றம்.) இவ்விரு படங்களும் கடைசியில் எல்லாம் கனவு என்று முடிந்துவிடுவது எனக்கு உவப்பாக இல்லை, அதுவரை சேர்த்த அச்சத்தையும் சிரிப்பையும் ஒருசேரக் கைகழுவுகிற தப்பித்தல் அது.

அதே ஆண்டின் 'கோயிங் பை-பை!' அப்படித் தப்பித்துக்கொள்ளவில்லை. ஒரு முரடனுக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்படும்போது, தூக்கில் போடப் போவதில்லையா என்று சாட்சியான லாரல் வெள்ளந்தியாகக் கேட்டுவிட, உங்கள் கால்களை முறித்துக் கழுத்தில் கட்டுவேன் என்று அவன் நீதிமன்றத்திலேயே சூளுரைக்கிறான். சொன்னபடியே செய்தும் விடுகிறான். கழுத்தைச் சுற்றிக்கொண்ட கால்களோடு அமர்ந்திருக்கும் ஹார்டி, அப்போதும் வழக்கம்போல லாரலைத்தான் கடிந்துகொள்கிறார்.