வாய்தாவுக்குப் போகாததால் தள்ளுபடியான வழக்கு

கேள்வி: வேலூரை அடுத்த கிராமத்தில் உள்ள எங்கள் நிலம் தொடர்பாக, விளம்புகையும் (உரிமை எனதே என்று நீதிமன்றம் அறிவிப்பது) நிரந்தர உறுத்துக்கட்டளையும் (எதிர்த் தரப்பு தலையிடக் கூடாது என்ற தடையுத்தரவு) கோரி நான் தொடர்ந்த வழக்கு சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்தில் நடந்துவந்தது. தாயாரை சி.எம்.சி. மருத்துவமனையில் சேர்த்திருந்ததால் ஒரு வாய்தாவுக்குப் போக முடியவில்லை. வழக்கறிஞரும் அன்று ஆஜராகவில்லை. நான்கு மாதங்களுக்கு முன்பே வழக்கு தள்ளுபடியாகிவிட்டது என்பது இப்போதுதான் தெரிகிறது. புதிதாக வழக்குப் போட்டுக்கொள்ளலாம் என்கிறார்கள் உறவினர்கள். அது சரியா?
– வாசகி, வேலூர் மாவட்டம்

பதில்: தள்ளுபடியான நாளில் பிரதிவாதி தரப்பு ஆஜரானதா என்பதை முதலில் உத்தரவு நகலில் பாருங்கள். இரு தரப்பும் வராமல் தள்ளுபடியாகியிருந்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் கட்டளை, 4ஆம் விதிப்படி, காலவரையறைக்கு உட்பட்டுப் புது வழக்குத் தொடரலாம். பழைய வழக்கையே மீட்கவும் கோரலாம். பிரதிவாதி வந்திருந்து நீங்கள் மட்டும் வராமல் போயிருந்தால், அதே வழக்கு மூலத்தின் (வழக்குக்கு அடிப்படையான காரணத்தின்) மீது மறுபடி வழக்குத் தொடர அதே கட்டளையின் 9ஆம் விதி தடை விதிக்கிறது. அப்போது உறவினர்கள் சொல்லும் வழி அடைபட்டுவிடும். தள்ளுபடி உத்தரவை நீக்கக் கோரும் மனு ஒன்றே வழி.

அந்த மனுவுக்கான காலம், 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தின் 122ஆம் இனப்படி, தள்ளுபடியான நாளிலிருந்து 30 நாட்கள். உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து அல்ல என்பதைக் கவனியுங்கள். எனவே ஏறக்குறைய மூன்று மாதத் தாமதத்தை மன்னிக்கக் கோரும், அதே சட்டத்தின் 5ஆம் பிரிவு மனுவையும் உடன் தாக்கல் செய்ய வேண்டும்.

எல்லாம் மனுவோடு நீங்கள் தரும் பிரமாண வாக்குமூலத்தில்தான் (அஃபிடவிட்) இருக்கிறது. 'உடல்நலக் குறைவால் வர இயலவில்லை' என்ற ஒற்றை வரியை நீதிபதிகள் நாள்தோறும் படிக்கிறார்கள். அதில் அவர்களுக்குச் சலிப்பு ஏற்பட்டால் வியப்பில்லை. தாயார் எந்தத் தேதியில் சேர்க்கப்பட்டார், எப்போது வீடு திரும்பினார், அதன் பின்னும் வழக்கு நிலையை ஏன் விசாரிக்கவில்லை, தள்ளுபடியான செய்தி யார் மூலம் எப்போது தெரிந்தது என்று தேதி வரிசையில் எழுதி, மருத்துவமனையின் டிஸ்சார்ஜ் சம்மரியை இணையுங்கள். இல்லாத நோய்க்குச் சான்றிதழ் வாங்கிச் சேர்க்க யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள். குறுக்கு விசாரணையில் அது கலைந்தால் உண்மையான காரணமும் எடுபடாது. வழக்கறிஞரின் தவறுக்காகக் கட்சிக்காரர் பாதிக்கப்படக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981இல் ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் கூறியுள்ளது. ஆனாலும் பழி முழுவதையும் அவர்மேல் போட்டுவிட்டு நீங்கள் ஒதுங்கிக்கொள்ள முடியாது.

எதிர்த் தரப்புக்கு அறிவிப்பு அனுப்பாமல் வழக்கு மீட்கப்படாது. மீட்கும்போது செலவுத் தொகை கட்டச் சொல்லலாம். குறித்த தேதிக்குள் கட்டிவிடுங்கள். 9ஆம் விதி மனு தள்ளுபடியானால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 43ஆம் கட்டளைப்படி மேல்முறையீடு உண்டு. முன்பு இடைக்கால உறுத்துக்கட்டளை பெற்றிருந்தீர்களானால், வழக்கு மீட்கப்படும்போது அதுவும் தொடர்வதாக உத்தரவில் தெளிவாகக் குறிப்பிடும்படி உங்கள் வழக்கறிஞரைக் கேட்கச் சொல்லுங்கள்.