கிராமர் எங்கே வளைந்தார்?

கேள்வி: சமூகப் பிரச்சினைகளைப் படமாக்கும் தயாரிப்பாளர்கள் இரண்டு மூன்று படங்களோடு காணாமல் போகிறார்கள். ஹாலிவுட்டில் ஸ்டான்லி கிராமர் மட்டும் எப்படி முப்பது வருடம் தாக்குப்பிடித்தார்? அதிர்ஷ்டமா, சமரசமா?

பதில்: அதிர்ஷ்டம் இல்லை. ஸ்டுடியோக்கள் தொடத் தயங்கிய கதைகளுக்கு அவர் சினிமாவுக்கு வெளியே பணம் தேடினார். 'ஹை நூன்' படத்துக்குப் பணம் போட்டவர் கலிஃபோர்னியாவில் லெட்டூஸ் கீரை பயிரிட்ட ஒரு பண்ணை முதலாளி. படப்பிடிப்புக்கு முன்பே நடிகர்களை வைத்து ஒத்திகை பார்த்துவிடுவார் கிராமர். படப்பிடிப்பு நாட்கள் குறையும், செலவும் குறையும். ராணுவத்தில் ஒரு கறுப்பினச் சிப்பாய் படும் அவமானத்தைச் சொன்ன 'ஹோம் ஆஃப் த பிரேவ்' படத்தை 1949இல் வெளியே மூச்சுவிடாமல் எடுத்து முடித்தார். அதே மனிதர் 1951இல் கொலம்பியா ஸ்டுடியோவோடு, 5 வருடத்தில் 30 படம் என்று ஒப்பந்தம் போட்டார். பணத்துக்குக் குறைவில்லை, ஆனால் படங்கள் வரிசையாக நஷ்டம். 'தி கெய்ன் மியூட்டினி' (1954) வந்துதான் கணக்கு நேரானது. சின்ன பட்ஜெட்தான் அவருக்குப் பலம் என்று நான் சொல்வது இதனால்தான்.

சரி, சமரசம்? செய்தார். 'ஹை நூன்' எழுதிய கார்ல் ஃபோர்மன் அவருடைய தொழில் கூட்டாளி. 1951இல் சினிமாவில் கம்யூனிஸ்டுகளைத் தேடி விசாரித்த அமெரிக்க நாடாளுமன்றக் குழு முன்னால் ஃபோர்மன் யாரையும் காட்டிக்கொடுக்க மறுத்தபோது, கிராமர் கூட்டை முறித்துக்கொண்டார். இதற்கு நான் சமாதானம் தேடப்போவதில்லை. ஆனால் 1958இல் 'தி டிஃபயன்ட் ஒன்ஸ்' படத்தைக் கம்யூனிஸ்ட் சந்தேகத்தில் ஸ்டுடியோக்கள் வேலை தர மறுத்த 'கறுப்புப் பட்டியலில்' இருந்த நெட்ரிக் யங்கை வைத்து எழுதவைத்தவரும் இவரே. யங் புனைபெயரில்தான் எழுத முடிந்தது. கிராமர் அவரையும் சக எழுத்தாளரையும் படத்தின் தொடக்கத்தில் லாரியில் உட்காரவைத்து, திரைக்கதைக்கான பெயர்கள் அவர்கள் முகத்தின் மேலேயே வரும்படி செய்தார். அந்தத் திரைக்கதை ஆஸ்கர் வாங்கியது.

'கெஸ் ஹூ'ஸ் கமிங் டு டின்னர்' (1967) பற்றியும் உங்களுக்குச் சந்தேகம் இருக்கும். வெள்ளைக்காரப் பெண்ணைக் கட்டவரும் கறுப்பின மாப்பிள்ளையைக் குறையே சொல்ல முடியாத டாக்டராக்கிப் பிரச்சினையைச் சுலபமாக்கிவிட்டார் என்ற விமர்சனம் சரிதான். ஆனாலும் அந்தப் படப்பிடிப்பு நடந்தபோது அமெரிக்காவில் 16 மாநிலங்களில் அப்படிப்பட்ட கல்யாணமே குற்றம். அதைச் செல்லாததாக்கிய உச்ச நீதிமன்றத் தீர்ப்பு ஜூன் 12இல்தான் வந்தது. இன்னொன்று. பெண்ணின் அப்பாவாக நடித்த ஸ்பென்சர் ட்ரேசியின் உடல்நிலை மோசம் என்று இன்ஷூரன்ஸ் கம்பெனிகள் கைவிரித்துவிட்டன. கிராமரும், அம்மாவாக நடித்த கேத்தரின் ஹெப்பர்னும் தங்கள் சம்பளத்தையே ஈடாக வைத்தார்கள். தன் காட்சிகளை முடித்துக்கொடுத்த 17ஆம் நாள் ட்ரேசி இறந்தார். படம் பெரிய வசூல் பார்த்தது. சமரசம் என்ற சொல்லை அந்தக் கதைக்குப் போடுங்கள், மறுக்க மாட்டேன். அதைத் தயாரித்தவருக்குப் போடச் சம்மதிக்க மாட்டேன்.