கோணேசர் மலையும் போர்க் கல்லறையும் ஒரே நாளில்: ஒரு வழிகாட்டியின் பதில்கள்

திருகோணமலை நகரையும் இரண்டாம் உலகப் போரின் கல்லறைத் தோட்டத்தையும் ஒரே நாளில் பார்ப்பது பற்றிப் பலர் கேட்ட கேள்விகளுக்கு, இந்நகரில் உரிமம் பெற்ற வழிகாட்டியாகத் தொழில் செய்பவன் என்ற முறையில் பதில் எழுதியிருக்கிறேன்.

கேள்வி (கொழும்பிலிருந்து ஓர் ஆசிரியை): முப்பது மாணவர்களை அழைத்து வர எண்ணியுள்ளோம். கோவில், கோட்டை, புறாமலை, கன்னியா, போர்க் கல்லறை ஆகிய ஐந்தையும் ஒரே நாளில் காட்ட முடியும் என்று ஒரு வாகனக்காரர் கூறுகிறார். அது சரிதானா?

பதில்: காட்டலாம், அம்மா, ஆனால் மாணவர்கள் எதையும் பார்த்திருக்க மாட்டார்கள். புறாமலைத் தீவுக்குப் படகேறினால் அரை நாள் கடலோடு போய்விடும் என்பதால், வரலாற்றுக்காக வருகிறவர்கள் அதை வேறொரு நாளுக்கு விட்டுவிடுவதே நல்லது. கொழும்பிலிருந்து அதிகாலையில் புறப்பட்டு அன்றிரவே திரும்பும் திட்டத்துக்கும் நான் உடன்படுவதில்லை. போகவும் வரவும் பன்னிரண்டு மணித்தியாலம் பேருந்தில் இருந்த பிள்ளைக்குக் கல்லில் எழுதியிருப்பதை வாசிக்கும் பொறுமை இராது. முதல்நாள் இரவே இங்கு வந்து தங்குங்கள்.

மறுநாள் காலை ஆறரை மணிக்குள் கோட்டை வாசலில் நிற்க வேண்டும். கோவிலுக்குப் போகும் பாதை கோட்டைக்குள்ளேயே ஏறுவதால், பெரும்பாலானோர் கோட்டையைக் கவனியாமல் கோவிலுக்கு விரைகிறார்கள். 1620களில் போர்த்துக்கேயர் கோணேசர் ஆலயத்தை இடித்து, அந்தக் கற்களையும் கொண்டு கட்டிய கோட்டை அது. 1639இல் ஒல்லாந்தரும், 1782இல் அதே ஆண்டுக்குள் ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும், பின்னர் 1795இல் மீண்டும் ஆங்கிலேயரும் அதைக் கைப்பற்றினார்கள். பிரெட்ரிக் கோட்டை என்ற பெயர் 1803இல் வைக்கப்பட்டது. வாசற்கல்லில் இரட்டை மீன் சின்னத்தையும், மன்னன் குளக்கோட்டனின் கோவில் திருப்பணியைப் பறங்கியர், அதாவது போர்த்துக்கேயர், பிடிப்பர் என்று கூறும் பாடலின் சிதைந்த எழுத்துகளையும் மாணவர்களுக்குக் கட்டாயம் காட்டுங்கள். காலை வெயில் சாய்வாக விழும்போதுதான் அந்த வெட்டெழுத்துகள் கண்ணுக்குப் பிடிபடும். உச்சி வெயிலில் அது வெறுங்கல்லாகவே தெரியும்.

கோவிலில் வழிபாட்டை முடித்துக்கொண்டு ஒன்பது மணியளவில் இறங்கிவிடலாம். பத்து மணிக்கு மேல் வெறுங்காலுடன் பாறைப் படிகளில் நிற்க முடியாது. அதன்பின் ஒல்லாந்தர் காலத்துக் கட்டடத்தில் இருக்கும் கடற்படை வரலாற்று அருங்காட்சியகம், மதிய உணவு, கன்னியா வெந்நீரூற்று என்று போய், மாலை நான்கு மணிக்கு நிலாவெளி வீதியிலுள்ள போர்க் கல்லறைக்கு வாருங்கள். நகரிலிருந்து ஏறக்குறைய 6 கிலோமீற்றர் தூரந்தான்.

கேள்வி (யாழ்ப்பாணத்திலிருந்து ஒருவர்): கோவிலும் கல்லறையும் ஒன்றோடொன்று தொடர்பில்லாத இடங்கள். இரண்டையும் ஒரே பயணத்தில் சேர்ப்பதற்கு வசதியைத் தவிர வேறு காரணம் உண்டா?

பதில்: உண்டு. அந்தக் காரணம் துறைமுகம். கோணேசர் மலை உச்சியில் நின்று திரும்பிப் பார்த்தால் கொட்டியாரக் குடாவும் அதன் உள்ளே மடங்கிக் கிடக்கும் உட்துறைமுகமும் ஏன் இத்தனை பேருக்கு வேண்டியிருந்தன என்பது விளங்கிவிடும். பருவக்காற்று எந்தத் திசையில் அடித்தாலும் பெரிய கப்பல்கள் பாதுகாப்பாக நிற்கக்கூடிய ஆழமான இயற்கைத் துறைமுகம் வங்காள விரிகுடாப் பக்கத்தில் வேறெங்கும் எளிதில் கிடைப்பதில்லை. போர்த்துக்கேயர் ஆலயத்தை இடித்து அந்த மேட்டில் பீரங்கி வைத்ததும் இதற்காகத்தான். 1942 பெப்ரவரியில் சிங்கப்பூர் வீழ்ந்த பின் ஆங்கிலேயரின் கீழைக் கடற்படை திருகோணமலையைப் பற்றிக்கொண்டதும், யப்பானியர் அதைத் தேடி வந்ததும் இதற்காகத்தான். இந்தத் தொடர்பைச் சொல்லாத வழிகாட்டி இரண்டு இடங்களுக்கு வண்டியோட்டியவரே தவிர வழிகாட்டியவர் அல்லர். ஆதலால் நான் கல்லறையில் பேச வேண்டியதில் பாதியை மலையுச்சியிலேயே பேசி முடித்துவிடுவேன். அங்கே கடல் முழுவதும் கண்முன் விரிந்து கிடப்பதால் கையை நீட்டிக் காட்டினாலே போதும். கல்லறைக்குப் போனபின் அதிகம் பேசுவதில்லை.

கேள்வி (திருச்சியிலிருந்து ஓர் அன்பர்): 1942இல் இங்கு நடந்தது என்ன? அதன் தடயங்களை இன்று பார்க்க முடியுமா?

பதில்: ஏப்ரல் 5, உயிர்த்த ஞாயிறன்று கொழும்பைத் தாக்கிய அட்மிரல் நகுமோவின் படை, ஏப்ரல் 9, வியாழன் காலையில் திருகோணமலைக்கு வந்தது. அந்தப் படையில் ஐந்து விமானந்தாங்கிக் கப்பல்கள் இருந்தன. எதிரி நெருங்குவதை முன்கூட்டியே அறிந்திருந்த ஆங்கிலேயர், துறைமுகத்தில் நின்ற கப்பல்களில் பலவற்றை முதல்நாள் இரவே வெளியே அனுப்பிவிட்டனர். எஞ்சியிருந்தவற்றில் சகாயிங் என்ற சரக்குக் கப்பல் தீப்பற்றி எரிந்தது. எரேபஸ் என்ற போர்க்கப்பல் சேதமடைந்தது. கடற்படைத் தளமும் சீனன்குடா விமானத்தளமும் குண்டுவீச்சுக்கு உள்ளாயின. யப்பானிய விமானம் ஒன்று எண்ணெய்த் தாங்கிகளில் ஒன்றின்மீது வீழ்ந்ததால் மூண்ட தீ நாள்கணக்கில் எரிந்தது.

சீனன்குடாவின் எண்ணெய்த் தாங்கிகளில் 99 இன்றும் நிற்கின்றன. பழையவை பல காட்டுக்குள் மறைந்து, துருவேறி, மரவேர்கள் பற்றி நிற்கும் காட்சி ஒரு தனி அனுபவந்தான். ஆனால் அந்தப் பகுதி பொதுமக்கள் நினைத்தபடி நுழையக்கூடிய இடமன்று. எரிந்த தாங்கியைக் காட்டுவதாக எந்தச் சுற்றுலாக்காரராவது விளம்பரம் செய்தால், அனுமதி யார் பெயரில் எடுக்கப்பட்டுள்ளது என்று முதலில் கேளுங்கள். கடற்படைத் தளத்துக்குள் இருக்கும் ஒஸ்டன்பேர்க் கோட்டைப் பகுதிக்கும் இதுவே பொருந்தும். சகாயிங் கப்பலின் உடலைக் கடற்படையினர் 2018இல் நீருக்கு வெளியே கொண்டுவந்தார்கள்.

கேள்வி (மட்டக்களப்பிலிருந்து ஒரு பல்கலைக்கழக மாணவர்): அந்த யப்பானியத் தாக்குதலில் மூழ்கிய ஆங்கிலேயரின் ஹேர்மிஸ் கப்பலில் இறந்தவர்கள் எல்லோரும் திருகோணமலைக் கல்லறையில்தான் இருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டேன்.

பதில்: இல்லை, தம்பி. இது பலரிடம் இருக்கும் எண்ணம்; வழிகாட்டிகள் சிலர்கூட இப்படிச் சொல்கிறார்கள். விமானந்தாங்கிக் கப்பலாகவே வடிவமைக்கப்பட்ட உலகின் முதற் கப்பல் என்று ஹேர்மிஸைச் சொல்வார்கள். ஏப்ரல் 9 தாக்குதலின்போது அது தன் விமானங்களைத் திருகோணமலைக் கரையில் விட்டுவிட்டுத் தெற்கே போய், திரும்பிக்கொண்டிருந்தபோது உங்கள் மட்டக்களப்புக் கடலில் அகப்பட்டது. மேலே காவல் விமானம் ஒன்றுகூட இல்லாத கப்பலை எண்பதுக்கும் மேற்பட்ட குண்டுவீச்சு விமானங்கள் தாக்கின. துணைக்கு வந்த வம்பயர் என்ற அவுஸ்திரேலிய நாசகாரிக் கப்பலும் உடன் மூழ்கியது. ஹேர்மிஸில் மட்டும் 307 பேர் இறந்தார்கள். அருகே சென்றுகொண்டிருந்த வீற்றா என்ற மருத்துவக் கப்பல் அறுநூறு பேரளவில் மீட்டது.

கடலோடு போனவர்களுக்குக் கல்லறை இல்லை. அவர்களின் பெயர்கள் இங்கிலாந்தில் பிளிமத், போட்ஸ்மத், சாத்தம் ஆகிய துறைமுக நகரங்களிலுள்ள கடற்படை நினைவுத் தூண்களில் பொறிக்கப்பட்டிருக்கின்றன. திருகோணமலையில் இருக்கும் முந்நூறுக்கும் மேற்பட்ட கல்லறைகள், போர் ஆண்டுகளில் தாக்குதலிலும் விபத்திலும் நோயிலும் இறந்து, உடல் கரையில் கிடைத்தவர்களுக்கு உரியவை. கல்லில் உள்ள திகதியை வாசித்துக்கொண்டே நடந்தால் இது தெளிவாகும். 1942 ஏப்ரல் மட்டுமல்ல, 1944ஐயும் 1945ஐயும் அங்கே காண்பீர்கள். கப்பலின் உடல் 50 மீற்றருக்கும் அதிக ஆழத்தில் கிடப்பதால், தேர்ந்த சுழியோடிகளைத் தவிர மற்றவர்களுக்கு எட்டாது.

கேள்வி (கனடாவிலிருந்து ஒருவர்): எங்கள் அப்பப்பா போர்க்காலத்தில் திருகோணமலைக் கடற்படைத் தளத்தில் கூலி வேலை செய்தவர். குண்டுவீச்சில் அவரோடு வேலை செய்த சிலர் இறந்ததாகச் சொல்வார். அவர்களின் பெயரை அந்தக் கல்லறையில் பார்க்க முடியுமா?

பதில்: அங்கே தேட வேண்டாம், ஐயா. அது படைகளில் சேவை செய்தவர்களுக்கான தோட்டம். அதைப் பேணும் பொதுநலவாயப் போர்க் கல்லறை ஆணையம் 1917இல் தொடங்கியபோதே, பதவி, செல்வம், சமயம் பாராமல் ஒரே வகையான கல் வைப்பதென்று முடிவு செய்தது. அந்த விதியை நான் மதிக்கிறேன். ஆனால் துறைமுகத்தில் மூட்டை சுமந்தவரும் சீனன்குடாவில் மண் வெட்டியவரும் அந்தச் சமத்துவத்துக்குள் வரவில்லை. வருகிறவர்களிடம் நான் இதையும் சொல்லாமல் விடுவதில்லை. உங்கள் அப்பப்பா சொன்ன பெயர்கள் ஏதேனும் நினைவிருந்தால் எழுதி வையுங்கள். இவ்வூர்க் குடும்பங்களிடம் வாய்மொழியாக எஞ்சியிருப்பதைச் சேர்ப்பதே இப்போது கைக்கெட்டிய வழி.

படைவீரர் ஒருவரைத் தேடுகிறவர்கள், ஆணையத்தின் இணையத்தளத்தில் பெயரை இட்டால் கல்லறையின் வரிசை எண்ணே கிடைத்துவிடும். புறப்படும் முன் அதைக் குறித்துக்கொண்டு வாருங்கள்.

கேள்வி (வவுனியாவிலிருந்து ஓர் அம்மா): எங்களோடு வயதானவர்கள் வருகிறார்கள். கோவிலுக்குப் போன அன்றே கல்லறைக்குப் போவது தீட்டு என்று மாமியார் தயங்குகிறார்.

பதில்: இந்தத் தயக்கத்தைச் சிரித்துத் தள்ளும் வழிகாட்டிகளைப் பார்த்திருக்கிறேன்; அது பண்பன்று. கோவில் காலையில், கல்லறை மாலையில் என்ற வரிசையை நான் வைத்திருப்பதற்கு வெயிலைப் போலவே இதுவும் ஒரு காரணம். கல்லறையிலிருந்து நேரே தங்குமிடம் போய் முழுகிவிடலாம். வர விரும்பாதவர்கள் வாகனத்திலேயே இருக்கட்டும், வற்புறுத்த வேண்டாம். கன்னியா ஏழு கிணறுகளில் இராவணன் தன் தாய்க்குக் கிரியை செய்தான் என்பது ஐதீகம் என்பதையும், இப்பகுதி மக்கள் தங்கள் முன்னோருக்கு அங்கே கடன் கழித்து வந்ததையும் மாமியாருக்கு எடுத்துச் சொல்லுங்கள். இறந்தவர்களை நினைப்பது அந்த நாளில் ஏற்கெனவே கலந்திருக்கிறது. அதன்பின்னும் வர மனமில்லையென்றால் அது அவர் விருப்பம்.

கேள்வி (பெயர் குறிப்பிட விரும்பாத ஒருவர்): வெள்ளைக்காரர் கல்லறைக்குப் பூ வைக்கிறீர்கள். நம் காலத்துப் போரில் இறந்த நம்மவர்களுக்கு உங்கள் பயணத்தில் இடம் எங்கே?

பதில்: கேட்க வேண்டிய கேள்வி. 2006 சனவரி 2ஆம் திகதி இந்நகரின் கடற்கரையில் ஐந்து தமிழ் மாணவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதே ஆண்டு ஓகஸ்ட் 4ஆம் திகதி மூதூரில் பதினேழு தொண்டு நிறுவனப் பணியாளர்கள் கொல்லப்பட்டார்கள். கோட்டையிலிருந்து இறங்கி நகருக்குள் வரும் வழியில் அந்தக் கடற்கரை இருக்கிறது. வந்திருப்பவர்கள் கேட்டால் நான் அங்கே நிறுத்தி, நடந்ததை நடந்தபடி, குரலை உயர்த்தாமல் சொல்வேன். ஆனால் விளம்பரத் தாளில் அதை ஒரு பார்வையிடமாக அச்சிட மாட்டேன். 1942இல் இறந்தவர்களின் பெற்றோர் இன்று எவரும் உயிரோடில்லை. இந்தப் பிள்ளைகளின் குடும்பங்களோ இன்னும் நீதி கேட்டு நிற்கின்றன. படமெடுத்துக்கொண்டு போகிறவர்களுக்கு முன்னால் அவர்களின் துயரத்தை நிறுத்த எனக்கு உரிமையில்லை.

கேள்வி (கண்டியிலிருந்து ஒரு குடும்பம்): எந்த மாதத்தில் வரலாம்? வழிகாட்டியை எப்படித் தெரிந்துகொள்வது?

பதில்: ஐப்பசி தொடங்கித் தை வரை மழை. வைகாசிக்கு மேல் கச்சான் காற்றின் வெக்கை கடுமையாக இருக்கும். ஆனால் கடல் அமைதியாக இருக்கும். மாசியும் பங்குனியும் உகந்தவை. சிவராத்திரியை அடுத்துக் கோணேசப் பெருமான் நகர்வலம் வரும் நாள்களில் வீதிகளில் வாகனம் நகராது என்பதை மட்டும் கணக்கில் கொள்ளுங்கள்.

வழிகாட்டியிடம் சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையின் உரிம அட்டையைக் காட்டும்படி கேட்பதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. போர்க் கல்லறைக்கு நுழைவுக் கட்டணம் இல்லை. அதற்கென்று பணம் கேட்பவரை நம்ப வேண்டாம்.

கேள்வி (அதே குடும்பம்): சிறு பிள்ளைகள் உண்டு. ஏதேனும் கட்டுப்பாடுகள் உள்ளனவா?

பதில்: கோட்டைக்குள் இராணுவத்தினர் இருப்பதால், அவர்களின் காவலரண்களைப் படம் எடுக்கக்கூடாது. அங்கு உலவும் புள்ளிமான்கள் கையிலிருக்கும் அர்ச்சனைப் பையை மூக்கால் இடித்துப் பார்க்கும். பிள்ளைகளுக்கு அது பெருங்கொண்டாட்டமென்றாலும் பொலித்தீனை விழுங்கவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள். கல்லறையில் பிள்ளைகள் புல்லில் நடக்கலாம். கற்களின் மேல் ஏறி உட்காரக்கூடாது. வயது எழுதப்பட்டிருக்கும் கற்களில் பத்தொன்பது, இருபது என்பவற்றைத் தேடிப் பார்க்கச் சொன்னால், வளர்ந்த பிள்ளைகள் தாமாகவே குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள். தண்ணீர்ப் போத்தல்களை நகரிலேயே வாங்கிக்கொண்டு வாருங்கள்.